உப்பளத்தில் புதைத்த தாழி

கன்னியப்பனின் வலது தோள் கெட்டுப்போய் ஒரு வெயில்காலம் முழுசாகக் கடந்துவிட்டது. கையைத் தோளுக்கு மேலே தூக்கினால் மூட்டுக்குள் கல் உரசியது. தலையில் துண்டு கட்டுவதற்கே இடது கை வந்து உதவ வேண்டியிருந்தது. விடிந்ததும் அஞ்சலாட்சி வேப்பெண்ணெயைச் சுடவைத்துத் தேய்த்துவிடுவாள். நாற்றம் சாயங்காலம் வரைக்கும் நிற்கும். வலி எண்ணெய் காய்வதற்குள் திரும்பிவிடும்.

“இப்படியே போனா என்னா பண்ணுவ?” என்று அவள் தினமும் கேட்டாள்.

“படுத்துக்குவேன்.”

“யாரு சோத்துல?”

முருங்கப்பாக்கத்திலிருந்து புதுச்சேரி டவுனுக்குள் நடந்து வந்து, வீட்டுத் தோட்டங்களில் சுட்ட மண் வளையங்களை அடுக்கி உறைக்கிணறு இறக்குவதுதான் கன்னியப்பனின் பிழைப்பு. வெட்டுவதற்குத் தோள் வேண்டும், கூடை தூக்குவதற்குத் தோள் வேண்டும், உறையை இறக்குவதற்கு இரண்டு தோளும் வேண்டும். ஒரு தோளோடு கிணறு வெட்டுகிறவனை யாரும் கூப்பிடுவதில்லை. இதுவரை யாருக்கும் தெரியாமல் பல்லைக் கடித்துக்கொண்டு வெட்டினான். அடுத்த வருஷம் அதுவும் நடக்காது என்பது அவனுக்குத் தெரியும்.

அந்த நேரத்தில்தான் டவுன் பஞ்சாலையில் ஒரு இடம் காலியானது. பம்பு ரூமில் எண்ணெய் போட்டுக்கொண்டிருந்த ஆள் சைகோனுக்குக் கப்பலேறிவிட்டான். நிழலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, சக்கரம் கத்தினால் எழுந்து எண்ணெய் விட வேண்டும். அவ்வளவுதான் வேலை. இடது கை போதும். ஆள் வைப்பது பட்டறை மேலாளர் முசே பிளான்ஷார். அவர் காதுக்கு எட்டும்படி பேசக்கூடியவன் பெரிய பிட்டர் இராக்லி ஒருவன்தான்.

இராக்லி வெள்ளைக்காரன், ஆனால் பிரெஞ்சுக்காரன் இல்லை. ஆலையில் எல்லோரும் அவனை ருஷ்யாக்காரத் துரை என்றார்கள். காதில் விழுந்தால் கையிலிருக்கும் ஸ்பானரை மேசைமேல் வீசுவான்.

“ருஷ்யா இல்லடா. ஜார்ஜியா. என் நாட்ட முழுங்கினவன் பேர எனக்கு வைக்கிறியா?”

பாய்லருக்கு நெருப்புத் தள்ளுகிறவர்களிடம் தமிழ் கற்றுக்கொண்டவன் என்பதால் அவன் வாயில் மரியாதை கிடையாது. யாரைப் பார்த்தாலும் ‘டா’தான். பங்குச் சாமியாரை ஒருதரம் அப்படிக் கூப்பிட்டுவிட்டு, ஏன் முறைக்கிறார் என்று தெரியாமல் நின்றான். ஊர் செம்படை கையில் விழுந்தபோது ஓடி வந்தவன். பாரீசில் கார் பட்டறையில் கிடந்து, அங்கிருந்து கான்ட்ராக்டில் இங்கே வந்தான். உப்பளம் என்கிற ஊர்ப்பகுதியில் ஆனந்தமேரி என்ற விதவையின் வீட்டுப் பின்கட்டில் வாடகைக்கு இருந்தான்.

கன்னியப்பன் போய்க் கேட்டதும் இராக்லி மறுக்கவில்லை.

“கேக்கறேன். ஆனா இப்ப இல்ல.”

“பின்ன எப்ப தொர?”

“எங்க அப்பன் ஒருத்தனுக்காக வாயத் தெறக்கணும்னா மேசையிலதான் தெறப்பான். கையில குவள இருக்கணும். குவளையில நம்ம தோட்டத்துத் திராட்ச ரசம் இருக்கணும். நின்னுக்கிட்டுக் கேட்டா அது பிச்ச. மேசையில கேட்டா அது வாக்கு. எவனும் மறுக்க மாட்டான்.”

“உங்க தோட்டத்துல ஏது தொர ரசம்?”

“அதுக்குத்தான் நீ.”

விஷயம் இதுதான். இராக்லியின் ஊரில் பெரிய மண்தாழியைக் கழுத்துவரைக்கும் தரைக்குள் புதைப்பார்கள். திராட்சையை மிதித்துத் தோலோடும் காம்போடும் அதற்குள் கொட்டி மூடிவிடுவார்கள். உள்ளே அதுபாட்டுக்குப் பொங்கி அடங்கும். நவம்பரில் அவர்களுடைய புனித ஜார்ஜ் திருநாள் வரும். அன்றைக்குத் தாழியைத் திறந்து விருந்து வைத்து பிளான்ஷாரைக் கூப்பிடப் போகிறான். தாழி வாங்கி வர வேண்டும், குழி வெட்ட வேண்டும், புதைக்க வேண்டும். கூலி தனி. விருந்தில் கன்னியப்பனுக்கு வேலை கேட்பான்.

“கடையில போத்தல் போத்தலா அடுக்கி வச்சிருக்கான். ரெண்ட வாங்கிவச்சுக் கேக்கக் கூடாதா?” என்று அஞ்சலாட்சி கேட்டாள்.

“நானும் அதத்தான் கேட்டேன். அது எவனோ பொதச்சதாம், அவரோடது இல்லையாம்.”

வில்லியனூர் குயவர் ஆதிமூலம் அளவைக் கேட்டதும் சக்கரத்தை நிறுத்திவிட்டார்.

“இடுப்பு மட்டும் ஒசரம், மண்ணுல பொதைக்க. யாருப்பா செத்தது?”

“யாரும் சாவல. ஒரு வெள்ளக்காரன் உள்ள சாராயம் ஊத்தப் போறான்.”

“மண்ணுல பொதைக்கிற தாழின்னா அந்தக் காலத்துல பொணத்துக்குச் செஞ்சது. சுடுகாட்டுப் பக்கம் தோண்டுனா இன்னைக்கும் எலும்போட வருது. அத நான் என் சூளையில ஏத்த மாட்டேன். நெல்லு கொட்டுற குதிருன்னு சொல்லு, செஞ்சு தரேன்.”

“குதிருதான். யாராச்சும் கேட்டா குதிருன்னே சொல்லு.”

குதிர் மாதிரியே வளையம் வளையமாகச் செய்து ஒன்றன்மேல் ஒன்று ஒட்டிச் சுட்டுக் கொடுத்தார். வண்டியில் வைக்கோல் பரப்பி ஏற்றிக்கொண்டு கன்னியப்பன் உப்பளத்துக்குள் நுழைந்தபோது தெருவே எழுந்து நின்றது. ஆனந்தமேரி வாசலை மறித்துக்கொண்டாள்.

“கன்னியப்பா, உள்ள யாரு?”

“யாரும் இல்லைங்கம்மா. காலித் தாழி.”

“காலியா இருக்குதுன்னா இனிமேதான் யாரையோ வைக்கப் போறீங்க. சேசு மரி சூசை! பொழைக்க வந்தவன்னு வீடு குடுத்தேன். என் தோட்டத்தயே கல்லறை ஆக்குறானே.”

“திராட்ச ரசம் ஊத்தப் போறாராம்.”

“பூசைக்குப் போற ரசத்தயா மண்ணுல பொதைக்கிறான்?”

“அவங்க ஊரு வழக்கமாம்.”

“அவங்க ஊருல செத்தவங்கள எங்க வைக்கிறாங்களாம்? அலமாரியிலயா?”

இராக்லி வேலைவிட்டு வரும்வரைக்கும் வண்டி தெருவிலேயே நின்றது. மாட்டுக்காரன் கத்தினான். இராக்லி வந்து தாழிக்குள் தன் தலையை விட்டுக் காட்டி, எலும்பு எதுவும் இல்லை என்று சத்தியம் செய்த பிறகுதான் ஆனந்தமேரி வழிவிட்டாள். அப்போதும் தீர்த்தம் தெளித்துவிட்டுத்தான் விட்டாள்.

குழி வெட்டிய நாட்களில் கன்னியப்பன் ஒரு முனகல் வெளியே விடவில்லை. இடது கையால் வெட்டி, வலது கையைக் கடப்பாரைமேல் சும்மா வைத்துக்கொண்டான். ஆவணி மாதம், நல்ல வெயில். மேட்டுத் தரை. அடிவரைக்கும் ஈரம் தட்டவில்லை. சாயங்காலம் இராக்லி குழியின் விளிம்பில் உட்கார்ந்து சுருட்டுப் பிடித்துக்கொண்டே ஊர்க்கதை பேசுவான். கேட்பதற்கு வேறு ஆள் இல்லை.

அவன் ஊர் பேர் சிக்நாகி. மலை விளிம்பில் இருக்கிறது. வீடுகள் ஒன்றின் தலைமேல் ஒன்று ஏறி நிற்கும். தெருவெல்லாம் உருண்டைக் கல் பாவியது. கீழே பார்த்தால் அலசானி என்ற ஆறு ஓடுகிற பெரிய சமவெளி, கண்ணுக்கு எட்டும்வரை திராட்சைத் தோட்டம். அதற்கு அந்தப் பக்கம் பனிமலை.

“மல மேல ஊரா? தண்ணிக்கு என்னா பண்றீங்க?” என்று கன்னியப்பன் குழிக்குள்ளிருந்து கேட்டான்.

“ஊத்து இருக்கு.”

“கெணறு?”

“கெணறு எவன் வெட்டுவான், பாறையில?”

“அப்ப உங்க ஊருல எனக்குச் சோறு இல்ல.”

இராக்லி சிரித்தான். பிறகு கோட்டையைப் பற்றிச் சொன்னான். மலைக்கு அந்தப்புறத்திலிருந்து கொள்ளைக்காரர்கள் இறங்கி வந்து ஆளையும் மாட்டையும் ஓட்டிக்கொண்டு போவார்களாம். அதற்காக எரெக்லே என்ற ராஜா ஊரைச் சுற்றி நீளமாக மதில் எழுப்பி அதில் கோபுரங்கள் வைத்தானாம். சுற்றுப்பக்கத்துக் கிராமங்கள் ஒவ்வொன்றுக்கும் ஒரு கோபுரம், அந்தக் கிராமத்தின் பேராலேயே. கொள்ளை வந்தால் அவனவன் தன் கோபுரத்துக்கு ஓடி ஏறிக்கொள்ள வேண்டும்.

“சேரிக்கும் ஒரு கோபுரம் உண்டா தொர?”

இராக்லிக்கு அது விளங்கவில்லை. திரும்பக் கேட்டான். கன்னியப்பன் ஒரு கூடை மண்ணை மேலே தள்ளிவிட்டு, “ஒண்ணும் இல்ல, நீங்க சொல்லுங்க” என்றான்.

தாழியை இறக்கிய அன்றைக்கு இராக்லி ஆலைக்குப் போயிருந்தான். போவதற்குமுன் சொல்லிவிட்டுத்தான் போனான்: சுற்றிலும் களிமண்ணும் சுண்ணாம்பும் போட்டுக் கெட்டியாக இடித்துவிடு. கன்னியப்பன் தாழியைக் குழிக்குள் பார்த்தான். மண்ணில் இறக்கிய வட்டமான சுட்ட மண் சமாசாரம். அவன் வாழ்நாள் முழுக்க இறக்கிய உறைகளுக்கும் இதற்கும் அவன் கைக்கு வித்தியாசம் தெரியவில்லை. உறைக்கு வெளியே களிமண்ணைப் போடுகிறவன் வேலை தெரியாதவன். செங்கல் ஜல்லி ஒரு சுற்று, ஆற்று மணல் ஒரு சுற்று, மறுபடி ஜல்லி. அப்போதுதான் உறை அசையாது, வெடிக்காது. வெள்ளைக்காரனுக்கு என்ன தெரியும் என்று நினைத்துக்கொண்டான். இடிந்த சுவரிலிருந்து செங்கல் பொறுக்கி, தானே உடைத்து, மணலைச் சலித்துப் போட்டான். கேட்டதற்கு மேலேயே உழைத்தான். வேலை கிடைக்க வேண்டுமல்லவா? மேலே ஒரு சாண் மட்டும் களிமண் பூசி மெழுகிவிட்டான். இராக்லி வந்து காலால் மிதித்துப் பார்த்து, அவன் முதுகில் தட்டினான். வலது தோளில்தான் தட்டினான். கன்னியப்பனுக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

அந்த ஜல்லியும் மணலும் எதற்கு என்பது கிணறு வெட்டுகிற எல்லோருக்கும் தெரியும். அடைத்துக்கொள்ளாமல் நாலா பக்கத்துத் தண்ணீரையும் உறைக்குக் கூட்டிக்கொண்டு வருவதற்கு. தண்ணீரைக் கூட்டி வந்தே பழகிய கை. அதை வராமல் நிறுத்தும்படி அதற்குமுன் யாரும் அவனிடம் கேட்டதில்லை.

பெங்களூரிலிருந்து ரயிலில் திராட்சைப் பெட்டிகள் வந்தன. இராக்லி காற்சட்டையைச் சுருட்டிக்கொண்டு அண்டாவுக்குள் இறங்கி மிதித்தான். தாழியின் தோள்மட்டத்துக்குக் கொஞ்சம் கீழேதான் வந்தது. அவன் வருஷச் சேமிப்பு அவ்வளவுக்குத்தான் காணும். பொங்கி அடங்கியதும் பலகையை வைத்து, களிமண் அப்பி மூடினார்கள்.

பிறகு காத்திருப்பதுதான் வேலை. கன்னியப்பன் வாரம் தவறாமல் ஆலை வாசலுக்குப் போனான். அங்கே ஆனந்தமேரியின் தம்பி மகன் லூயிஸ் கணக்குப் பிரிவில் இருந்தான். பிரெஞ்சு படித்தவன்; தொப்பி வைத்தவன்.

“இடம் இன்னும் காலிதான், கவலப்படாத” என்பான் லூயிஸ். “ஆனா பிளான்ஷார் எத்தன நாளைக்கு வச்சிருப்பாரு? சக்கரம் கத்துற கத்துல அவருக்குத் தூக்கம் போச்சு.”

கன்னியப்பன் அங்கிருந்து நேரே இராக்லியிடம் போவான்.

“தொர, இன்னைக்கே ஒரு வார்த்த கேட்டுடுங்க. உங்க கால்ல விழறேன்.”

“தாழி தெறக்கல.”

“தாழிக்கும் எண்ணெ டப்பாவுக்கும் என்னா தொர சம்பந்தம்?”

“நின்னுக்கிட்டுக் கேட்டா இல்லன்னு சொல்லுவான். எனக்கு அவனத் தெரியும். மேசையில சொல்ல முடியாது. பொறுடா.”

“இந்தத் தோளு பொறுக்காது.”

“என்னா தோளு?”

கன்னியப்பன் துண்டை இழுத்துத் தோளை மூடிக்கொண்டான். தோள் கெட்டவன் என்று தெரிந்தால் இராக்லி சொல்லப்போகிற அந்த ஒரு வார்த்தையும் போய்விடும்.

ஐப்பசியில் மழை பிடித்தது. தீபாவளி முழுக்க ஊற்றியது. உப்பளத்தின் பின்பக்கம் உப்பங்கழி நிறைந்து தெரு முனைவரைக்கும் வந்து நின்றது. ஆனந்தமேரி வீட்டுக் கிணற்றில் குனிந்து சொம்பாலேயே மொள்ளலாம், மொண்டால் வாயில் வைக்க முடியாது, கரிக்கும். இராக்லி தாழியின்மேல் ஓலைக் கூரை போட்டு, மேலே விழும் மழை உள்ளே போகாமல் பார்த்துக்கொண்டான். கீழே நடப்பதை யார் பார்த்தார்கள்?

அந்த வருஷம், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதில், திருநாள் ஞாயிற்றுக்கிழமையில் வந்தது. மழை விட்டிருந்தது. பூவரச மரத்தடியில் மேசை போட்டார்கள். இராக்லி ஆட்டுக்கறியைக் கம்பியில் குத்திச் சுட்டான். ஆனந்தமேரி தேங்காய்த்திட்டிலிருந்து கொடுவா மீன் வாங்கிவரச் சொல்லிக் குழம்பு வைத்திருந்தாள். பிளான்ஷார் வெள்ளைக் கோட்டில் வந்து மேசையின் தலைப்பக்கம் உட்கார்ந்தார். லூயிஸ் அவருக்கு எதிரே. கடைசி நாற்காலியைக் காட்டி, “உக்காருடா” என்றான் இராக்லி, கன்னியப்பனிடம். கன்னியப்பன் நாற்காலியில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. பிளான்ஷார் மூக்கைச் சுளித்தார். லூயிஸ் தன் நாற்காலியைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டான்.

குழி வெட்டினவன்தான் தாழியைத் திறக்க வேண்டும் என்றான் இராக்லி. கன்னியப்பன் களிமண்ணைக் கொத்தி எடுத்தான். பலகையைத் தூக்கினான்.

தாழி கழுத்துவரைக்கும் நிறைந்திருந்தது.

ஆனந்தமேரி எட்டிப் பார்த்துவிட்டு அங்கேயே ஈரத் தரையில் முழங்காலிட்டாள். “தோளு மட்டும்தானே ஊத்துனாரு? நான்தான் பாத்தேனே! சேசுவே, கானாவூர்ல தண்ணிய ரசமாக்குன புதும என் தோட்டத்துல நடந்துடுச்சே! லூயிசு, ஓடிப்போயி சாமியாரக் கூட்டியா!”

“பொறுங்க அத்த, முதல்ல குடிச்சுப் பாப்போம்” என்றான் லூயிஸ்.

கன்னியப்பன் தாழியைப் பார்த்தான். பிறகு பத்தடி தள்ளியிருந்த கிணற்றைப் பார்த்தான். இரண்டிலும் ஒரே மட்டம். கேட்க வேண்டாம், ருசிக்க வேண்டாம். உள்ளே என்ன வந்திருக்கிறது, எந்த வழியாக வந்திருக்கிறது, யார் வழி போட்டுக் கொடுத்தது, எல்லாம் அந்த நிமிஷத்திலேயே தெரிந்துவிட்டது. குதிர் வளையங்களின் ஒட்டு விட்டிருக்கும். அதைச் சுற்றி அவன் சலித்துப் போட்ட மணல்.

இராக்லியும் ஒரு கணம் தாழியைப் பார்த்து நின்றான். ரசத்தின் நிறம் வெளுத்திருந்தது. பிறகு பிளான்ஷாரைத் திரும்பிப் பார்த்து என்னவோ சிரித்துச் சொல்லிவிட்டு மொண்டு ஊற்றத் தொடங்கினான்.

கன்னியப்பனுக்கு ஒரே ஒரு நம்பிக்கைதான் மிச்சம். இராக்லி ஊர் வழக்கப்படி பேசி முடிக்கும்வரை யாரும் குவளையை வாயில் வைக்கக் கூடாது. குடிப்பதற்கு முன்னால் அவன் பேர் வந்துவிட்டால் போதும். பிளான்ஷார் சரி என்று தலையாட்டிவிட்டால் போதும். அதற்குப் பிறகு ரசம் எப்படி இருந்தால் என்ன?

இராக்லி எழுந்து நின்று பிரெஞ்சில் பேச ஆரம்பித்தான். கன்னியப்பன் லூயிசின் பக்கம் சாய்ந்தான்.

“என்னா சொல்றாரு?”

“அவங்க ஊரு மல மேல இருக்குதாம்.”

“அது எனக்குத் தெரியும். என் பேரு வந்துச்சா?”

“இப்பதான் மலையே ஏறுறாரு. சும்மா இரு.”

இராக்லியின் குரல் உயர்ந்தது. கையை நீட்டி, பூவரச மரத்துக்கு அந்தப் பக்கம் எதையோ காட்டினான். அங்கே ஆனந்தமேரியின் கோழிக்கூடுதான் இருந்தது.

“இப்ப?”

“மதிலு. மதில்ல கோபுரம்.”

“கோபுரம் ஒவ்வொண்ணா எண்ணுவாரா?”

“எண்ணிட்டுத்தான் இருக்காரு. கிராமத்துப் பேரோட.”

“ஐயோ.”

பிளான்ஷார் குவளையைத் தூக்கினார். இராக்லி கையமர்த்தி நிறுத்தினான்; இன்னும் முடியவில்லை. கன்னியப்பனுக்கு உயிர் வந்தது. பேசட்டும், பேசட்டும். ஆனால் என்னைப் பற்றிப் பேசட்டும்.

“ராஜா வந்துட்டாரு” என்றான் லூயிஸ்.

“எங்க?”

“கதையில. அவரு செத்தும் போய்ட்டாரு. இப்ப ஒரு புனிதவதி. திராட்சக் கொடிய ஒடிச்சுத் தன் தலமுடியாலயே கட்டிச் சிலுவ செஞ்சவளாம். ஊருக்குப் பக்கத்துல அவ கல்லற இருக்குதாம்.”

ஆனந்தமேரி சிலுவை போட்டுக்கொண்டாள். இராக்லி சந்தையைச் சொன்னான், கம்பளம் நெய்கிறவர்களைச் சொன்னான், மரப் பால்கனிகளைச் சொன்னான். பனிமலை சாயங்காலத்தில் எப்படிச் சிவக்கும் என்றும் சொன்னான். பிளான்ஷார் கொட்டாவி விட்டார்.

“லூயிசு, ஐயா, உனக்குப் புண்ணியமா போவுது. பிரெஞ்சுல அவருகிட்ட ஞாபகப்படுத்து. கன்னியப்பன்னு ஒரு வார்த்த.”

“நடுவுல பேசுனா தப்பாம். வரிச இருக்குதாம். முதல்ல ஊரு, அப்புறம் சாமி, அப்புறம் செத்தவங்க, அப்புறம் விருந்தாளி. வேல செஞ்ச கைக்குக் கடைசியிலதான்.”

“கடைசியிலயா? ஒவ்வொண்ணுக்கும் நடுவுல குடிப்பாங்களா?”

“பின்ன? சும்மா வாயப் பாத்துட்டு இருப்பாங்களா?”

இராக்லி குவளையை உயர்த்தி அவன் பாஷையில் ஒரு சொல் கத்தினான். குடித்தான்.

முதல் வாயிலேயே அவன் கழுத்து நரம்பு புடைத்தது. நிறுத்தவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கடைசிச் சொட்டுவரை குடித்துக் குவளையைக் கவிழ்த்துக் காட்டினான். பிளான்ஷார் ஒரு மடக்கு வாயில் வைத்தார். அதைப் பூவரச மரத்தின் வேரில் துப்பினார். கைக்குட்டையால் நாக்கைத் துடைத்துக்கொண்டே என்னவோ சொன்னார். லூயிஸ் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான்.

“என்னா?”

“உப்பளத்துல கறிக்கு உப்பு வேணாம், ரசமே போதும்னு சொல்றாரு.”

இராக்லி இரண்டாவது குவளையை ஊற்றினான். பிளான்ஷார் எழுந்து தொப்பியை எடுத்துக்கொண்டார். கோபம்கூட இல்லை, வேடிக்கை பார்த்து முடித்தவர் மாதிரி இருந்தார். கன்னியப்பன் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தான்.

“தொர, இப்ப கேளு. போறாரு பாரு. கேளு!”

“இதுலயா கேக்கறது?” என்று இராக்லி குவளையைக் காட்டினான். “இந்தக் குவளைய வச்சுக்கிட்டா?”

“குவளையத் தூக்கிப்போட்டுக் கேளுய்யா! மல, மதிலு, ராஜான்னு அத்தனையும் சொன்னியே, என் பேரு ஒண்ணுக்குத்தான் ஒன் வாயி வலிக்குதா?”

பிளான்ஷார் வாசலைத் தாண்டிவிட்டார். லூயிஸ் குடையோடு பின்னால் ஓடினான். கை ரிக்‌ஷா எதுவும் இல்லாத தெருவில் இருவரும் சேற்றைத் தாண்டித் தாண்டிப் போவது தெரிந்தது. ஆனந்தமேரி தாழியில் விரலை விட்டு நக்கிப் பார்த்தாள். எழுந்து முழங்காலில் ஒட்டிய சேற்றைத் தட்டினாள். “நல்லவேள, சாமியாரக் கூப்பிடல” என்று சொல்லிவிட்டு மீன் குழம்பை உள்ளே எடுத்துக்கொண்டு போனாள்.

இராக்லி தாழியின் ஓரத்தில் குந்தினான். மேலே பூசியிருந்த களிமண்ணைக் கையால் பெயர்த்தான். கீழே விரலை விட்டான். ஈர மணல் வந்தது. பிறகு ஒரு செங்கல் துண்டு.

“களிமண்ணு போடச் சொன்னேன்.”

“உறைக்கு ஜல்லியும் மணலும்தான் போடணும்.”

“இது உறையா?”

கன்னியப்பன் அந்தச் செங்கல் துண்டைக் கையில் வாங்கிக்கொண்டான்.

“எங்க அப்பன் தாழிய சிவப்புப் பட்டாளத்துக்காரன் துப்பாக்கிக் கட்டையால அடிச்சு ஒடச்சான்” என்றான் இராக்லி. “அவன் அவசரத்துல செஞ்சான். நீ உக்காந்து மணலு சலிச்சு, நிதானமா, சுத்தமா செஞ்சிருக்க.”

“உன் வேலைக்குன்னு ஒழுங்கா செஞ்சேன் தொர. தோளு செத்து செஞ்சேன்.”

“என்னா தோளு?”

இந்தத் தடவை கன்னியப்பன் கையைத் தூக்கிக் காட்டினான். அது நெஞ்சு மட்டத்தில் நின்றுவிட்டது. இராக்லி பார்த்துக்கொண்டே இருந்தான்.

“முன்னாலயே சொல்றதுக்கென்ன?”

“சொன்னா கேப்பீங்களா? ஊனக் கையனுக்கு வேல குடுன்னு கேப்பீங்களா?”

சுட்ட கறி கம்பியிலேயே ஆறிக் கிடந்தது. யாரும் தொடவில்லை.

அந்த வாரம் கன்னியப்பன் தேங்காய்த்திட்டுப் பக்கம் ஒரு மீன் வியாபாரி வீட்டில் கிணறு இறக்கிக்கொண்டிருந்தான். கூட ஒரு ஆளைக் கூலிக்கு வைத்துக்கொண்டான். கூலியில் பாதி அவனுக்கே போனது. மதியத்தில் குழியின் மேலே நிழல் விழுந்தது. இராக்லி நின்றிருந்தான், வேலை உடுப்பில், முகத்தில் கிரீஸ் அப்பியிருந்தது.

“முசே கிட்டக் கேட்டேன்.”

கன்னியப்பன் கடப்பாரையை விட்டான். “எப்ப?”

“இன்னைக்குக் காலையில. பட்டறையில. நின்னுக்கிட்டு.” அந்தக் கடைசி வார்த்தையை அவன் தரையைப் பார்த்துச் சொன்னான்.

“என்னா சொன்னாரு?”

“நேத்துதான் ஆளு வச்சாராம். லூயிசோட மச்சான்.”

குழிக்குள் தண்ணீர் சுரந்துகொண்டிருந்தது. கன்னியப்பனின் கணுக்காலைத் தொட்டது. நல்ல தண்ணீர், கரிக்கவில்லை. கூலிக்கு வந்தவன் மேலேயிருந்து, “அண்ணே, கூடையக் குடு” என்றான். கன்னியப்பன் கொடுக்கவில்லை.

“போன வாரமே இப்படி நின்னுக்கிட்டுக் கேட்டிருந்தா?” என்றான்.

“காலியாத்தான் இருந்துச்சு.”

“அப்ப?”

“அப்ப நான் எங்க ஊரப் பத்திப் பேசிக்கிட்டு இருந்தேன்.”

திட்டினால் நன்றாக இருக்கும் என்று கன்னியப்பனுக்குத் தோன்றியது. யாரை முதலில் திட்டுவது என்றுதான் தெரியவில்லை.

இராக்லி திரும்பினான். நாலு எட்டு வைத்துவிட்டு மறுபடி விளிம்புக்கு வந்தான்.

“என் வருஷச் சேமிப்புடா அது. ஒரு தாழி ரசம் நீ எனக்குத் தரணும்.”

மறுப்பான் என்று எதிர்பார்த்தோ என்னவோ, போகாமல் நின்றான்.

“தரணும்தான்” என்றான் கன்னியப்பன். “இல்லன்னு சொல்லல.”

குனிந்து கடப்பாரையை இடது கையில் எடுத்தான். கன்னியப்பன் இராக்லிக்கு ஒரு தாழி திராட்சை ரசம் பாக்கி.